நாற்பத்தோராயிரத்துத் தாள்

பாசிலின் உயிருக்கு அன்றைக்கு விலை நாற்பத்தோராயிரம் ரூபாய். நான் கேட்டது நாற்பது. நல்லுசாமிதான் மேலே ஆயிரம் வைத்தார்.

“ஆயிரத்துல எண்ணினாலும் நாப்பதுன்னு முட்டையில முடியற கணக்கு என் கையால போகாது மைதீன் பாய். மொய்யானாலும் சரி, மாமூலானாலும் சரி.”

அத்தா காலத்திலிருந்து பாலக்கரையில் பேரம் பேசிப் பிழைக்கிற குடும்பம் எங்களுடையது. கேட்காமல் விலையை ஏற்றிக் கொடுத்தவர் இவர் ஒருத்தர்தான். அப்போதே நான் உஷாராகியிருக்க வேண்டும்.

நான் விற்பது ரத்தக்கோரைத் தாள். பெருவெள்ளத்துக்குப் பிறகு ஸ்ரீரங்கத்துக்கு வடக்கே கொள்ளிடக் கரையில் சிவப்பாக முளைக்கிறதே, அந்தக் கோரையை நசுக்கிச் செய்வது. ஒருவன் பெயரை எழுதி, அவன் உடம்பில் எது போக வேண்டும் என்று கீழே எழுதினால் போதும், போய்விடும். அரிவாளுக்குக் கேஸ் உண்டு. தாளுக்கு இன்னும் சட்டம் வரவில்லை.

நிபந்தனை ரெண்டு. விற்கிறவன் ஓரத்தில் கைநாட்டு வைத்தால்தான் தாள் உயிர்பிடிக்கும், அவன்தான் ஜாமீன். அப்புறம், ஆளிடம் இருப்பதை மட்டும் எழுத வேண்டும். இல்லாததைச் சேர்த்து எழுதினால், செக் திரும்புகிற மாதிரி மொத்தமும் எழுதினவன்மேலே திரும்பும். அவனிடமும் தேறாத மிச்சத்தை ஜாமீனிடம் பிடித்துக்கொள்ளும். போன ஆடியில் ஒருவன், தன் பங்காளிக்கு ஒரு கண் கண்ணாடிக் கண் என்பதை மறந்து, ரெண்டு கண்ணையும் எழுதினான். இப்போது சத்திரம் பஸ் ஸ்டாண்டில் தட்டேந்தி உட்கார்ந்திருக்கிறான். பங்காளிதான் தினம் காசு போடுகிறான்.

கத்தி விற்கிறவன் கழுத்து யாருடையது என்று கேட்பதில்லை. பணத்தை எண்ணிக்கொண்டு, கைநாட்டு வைத்துக் கொடுத்தேன். அதற்குப் பிறகுதான் நல்லுசாமி வாசலைப் பார்த்து விசிலடித்தார்.

அவருடைய ஆள் பாலு, ஒருவனை முடியைப் பிடித்து இழுத்து வந்து தரையில் போட்டான். மூக்கு உடைந்து கன்னத்தோடு ஒட்டியிருந்தது. வாயைத் திறந்தபோது ரத்தத்தோடு ரெண்டு பல் விழுந்தது.

“மச்சான்...” என்றது அந்த வாய்.

பாசில். என் தங்கை சம்ரீனின் புருஷன். நல்லுசாமியிடம் மணல் லாரி ஓட்டுகிறவன். முதலாளி மகன் கொள்ளிடம் பாலத்தில் ஒரு கிழவரை நசுக்கிவிட்டுப் போனதைக் கண்ணால் பார்த்தவன். மறுநாள் கோர்ட்டில் சாட்சி.

தாளைப் பிடுங்கப் பாய்ந்தேன். பாலு அரிவாளைத் திருப்பிப் பிடித்து என் வலது முழங்கையில் போட்டான். எலும்பு முறிந்த சத்தம் எனக்கே கேட்டது. அடுத்த நொடி அரிவாளின் கூர்ப்பக்கம் என் தொண்டையில் இருந்தது.

“வித்த சரக்கத் திருப்பிக் கேக்கலாமா பாய்? உங்க போர்டுலயே போட்டிருக்கீங்களே.” நல்லுசாமி தாளை மேஜையில் விரித்து, பாசில் என்று எழுதினார். “அடுத்து, தலை.”

எனக்குத் தெரிந்த வித்தை ஒன்றுதான். அதையே எடுத்தேன்.

“தலை வேணாம் முதலாளி. நஷ்டம்.”

“யாருக்கு?”

“உங்களுக்குத்தான். செத்தவன ஊரு ஒரு வாரத்துல மறந்துரும். கைவிரல எடுங்க. நாளைக்குக் கூண்டுல ஏறி, நான் எதையும் பாக்கலன்னு அவனே சொல்லட்டும். சோறு பிசைய முடியாதவன உங்க மத்த டிரைவருங்க தினம் பாக்கட்டும்.”

“அட பாவி மச்சான்! நீயெல்லாம் மனுஷனா?” என்றான் பாசில். பாலு அவன் விலாவில் ஒரு உதை விட்டான்.

நல்லுசாமிக்குச் சரக்கு பிடித்துவிட்டது. “எத்தன விரல்?”

“அஞ்சு.”

“நான் என்ன பிச்சைக்கா வந்திருக்கேன்?”

“எட்டு. சொந்தக்காரனாச்சேன்னு பாக்குறேன்.”

“எல்லாம்.” அரிவாள் அழுந்தியது. கழுத்திலிருந்து சூடாக ஏதோ சட்டைக்குள் இறங்கியது.

“சரி, பத்து. ஆளுகிட்ட இருக்கறத மட்டும் எழுதுங்க.” எல்லா வாடிக்கையாளருக்கும் சொல்வதுதான்.

“எனக்கே பாடமா?”

கைவிரல் என்று எழுதி, பக்கத்தில் ஒரு கோடு போட்டார்: 1. பேனா அங்கேயே நின்றது. அடுத்து முட்டை விழுந்தால், ஆயுசுக்கும் சம்ரீன் அவனுக்கு ஊட்டிவிட வேண்டும். பேனா தாளைத் தொடாமல் வட்டமாக ஒரு சுற்றுச் சுற்றியது. நல்லுசாமியின் முகம் புளியைக் கடித்ததுபோல் சுருங்கியது. கை தன் பழக்கத்துக்கு நேராக ஒரு கோட்டை இழுத்தது.

11.

தாள் கருத்தது. முதலில் பேனா விழுந்தது, பிடித்திருந்த விரல்களோடு. அவர் அடுத்த கையால் எடுக்கக் குனிந்தார். அந்தக் கையிலும் ஒவ்வொன்றாக உதிர்ந்தது. மேஜையில் ரத்தம் பீறிட்டது. “பாய்! பாய்!” என்று அலறினார். பாலு அரிவாளைப் போட்டுவிட்டு ஓடிய ஓட்டத்தில் செருப்பு என் கடையிலேயே கிடந்தது.

பதினொன்றாவது யாரிடம் வரும் என்று தெரியும். முறிந்த கையின் சுண்டுவிரலை நீட்டி வைத்தேன். தாளுக்குப் பேரம் தெரியாது. கைநாட்டு வைத்த கட்டைவிரலையே எடுத்துக்கொண்டது. வலியில் நானும் நல்லுசாமி பக்கத்திலேயே சரிந்தேன்.

மறுநாள் பாசில் பல்லில்லாத வாயால் சாட்சி சொல்லி, பத்து விரலோடு கையெழுத்தும் போட்டான். இன்னும் என்னோடு பேசுவதில்லை. தலைக்குப் பதில் விரலைக் கேட்டதை மன்னிக்க மாட்டானாம்.

கணக்கு இதுதான். எழுதிய விரல் பதினொன்று. நல்லுசாமி கொடுத்தது பத்து, நான் கொடுத்தது ஒன்று. பணத்தில் நாற்பதாயிரம் பாசிலுக்குப் பல் கட்டப் போனது. கேட்ட விலைக்கு மேல் வாங்கிப் பழக்கமில்லை என்று அந்த ஆயிரத்தை ஆஸ்பத்திரிக்கே கொடுத்தனுப்பினேன். நல்லுசாமியின் தலையணைக்கடியில் வைத்துவிட்டு வந்தார்களாம். பாக்கி இல்லை.