கோபுரத்தின் முதுகு

பெருமாள் படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி மாட்டிய வீரம்மாள், அதே கையோடு தம்பி பெண்டாட்டி வரைந்த கோபுரப் படங்களையும் ஒவ்வொன்றாகத் திருப்பினாள். சாவு வீட்டில் சாமி முகம் தெரியக்கூடாது. கோபுரமும் சாமிதானே என்பது அவள் நியாயம்.

தம்பி ரெங்கராஜ் ஐஸ் பெட்டியின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தான். உள்ளே அவன் மனைவி பானுமதி. விடிகாலையில் மாரடைப்பு, ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே எல்லாம் முடிந்துவிட்டது. தற்செயலாக நிமிர்ந்தவன் திகைத்தான். கோபுரங்களின் முதுகிலெல்லாம் வேறு படங்கள் இருந்தன. ஒரு குக்கர். கொடியில் காயும் லுங்கி. ஸ்கூட்டர் சீட்டில் தூங்கும் பூனை. குக்கரை அவனுக்குத் தெரியும். மற்றதெல்லாம் அவள் எப்போது வரைந்தாளோ! படங்களை மாட்டுவதும் இறக்குவதும் அவளேதான், அவன் தொட்டதில்லை.

பன்னிரண்டு மணிக்கு மாலையோடு டோரதி வந்தாள். சென்னைக் கண்காட்சிகளில் யார் படம் தொங்கவேண்டும் என்று முடிவுசெய்கிற கியூரேட்டர். ‘சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான்’ என்று பானுமதி சிரித்ததெல்லாம் இவளை நினைத்துத்தான். மாலையை வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

“சார், இதையெல்லாம் ஏன் எங்கிட்ட காட்டவே இல்ல?”

“காட்டினாளே மேடம். அந்தக் குக்கரைத்தான் மொதல்ல கொண்டாந்தோம். ஸ்ரீரங்கத்துல இருந்துக்கிட்டு குக்கர் வரைஞ்சா யாரு பாப்பாங்க, கோபுரம் வரைங்கன்னு சொன்னீங்க.”

டோரதிக்கு ஞாபகமில்லை. ரெங்கராஜுக்கு இருந்தது. திரும்பி வரும் பஸ்ஸில், “மேடம் சொல்றதுதான் சரி” என்று அவனே சொல்லியிருந்தான். அதன்பிறகுதான் கோபுரங்கள், பேப்பரில் பேர், எல்லாம். அவள் சந்தோஷமாகத்தான் இருந்தாள். இருந்தாளா? யார்மேல் கோபப்படுவது என்றே புரியவில்லை.

“இதையெல்லாம் குடுங்க சார். மார்ச்ல பெரிய ஷோ வருது. அவங்க யாருன்னு எல்லாருக்கும் தெரியணும்.” டோரதியின் கண்கள் நிஜமாகவே கலங்கியிருந்தன. கடைசிப் படத்தருகே தயங்கினாள். “இது மட்டும் வேண்டாம். முகமே இல்ல.”

பிளாஸ்டிக் நாற்காலி, விரித்த பேப்பர், அதைப் பிடித்திருக்கும் இரண்டு கைகள். இடது மணிக்கட்டில் அவனுடைய வாட்ச்.

“தூக்குற நேரமாச்சுங்க” என்று வாசலிலிருந்து குரல் வந்தது.

கொள்ளிடக்கரையிலிருந்து வந்து குளித்துவிட்டு உள்ளே நுழைந்ததும் வீரம்மாள் கேட்டாள். “ரெங்கா, அந்தம்மா படத்துக்கு ஆள் அனுப்புறாங்களாம். குடுக்கவா?”

“தெரியலக்கா.”

அவனுடைய பிளாஸ்டிக் நாற்காலியில் காலைப் பேப்பர் மடிப்புக் கலையாமல் கிடந்தது. உட்கார்ந்து, பழக்கத்தில் விரித்தான். பிறகு மெதுவாகத் தாழ்த்தி, ஐஸ் பெட்டி இருந்த இடத்தைப் பார்த்தான். கழுவிவிட்ட தரை இன்னும் காயவில்லை.