தொட்டித் தண்ணீர்

டொல்லெஃபுக்கு நான் தரவேண்டியிருந்தது அறுபத்திரண்டு டாலர் ஐம்பது சென்ட். உழவுக்கு வாங்கிய ஜோடி எருதுகளின் பாக்கி. காகிதத்தில் கையெழுத்துப் போடும் இடத்தில் இரண்டு கோட்டைக் குறுக்காகக் கீறினால் போதும் என்றான் அந்த நார்வேக்காரன். சிலுவை மாதிரி இருக்கிறதே என்று நான் ஒரு வட்டம் போட்டேன். எழுதத் தெரியாத எங்கள் யூத ஆட்கள் எல்லோரும் வட்டம்தான் போடுவார்கள். டிசம்பர் முடிவதற்குள் பணம் வராவிட்டால் எருதுகள் அவனுக்கே திரும்பிவிடும் என்பது பேச்சு.

அந்த வருஷம் டகோட்டாவில் எங்கள் கோதுமையை ஆலங்கட்டி அடித்துப் படுக்கவைத்துவிட்டது. எருதுகளாவது இருந்தால் வசந்தத்தில் மறுபடி உழலாம். உழாத நிலத்தைச் சர்க்கார் யார் பேருக்கும் எழுதித் தராது. நிலத்துக்காகத்தான் ருஷ்யாவை விட்டு, கடல் தாண்டி வந்து, புல்வேரோடு வெட்டிய மண்கட்டியை அடுக்கி வீடு கட்டி, அதற்குள் மூன்று குளிர்காலமாக இருமிக்கொண்டிருந்தோம்.

டிசம்பரில், எங்கள் விளக்குப் பண்டிகையான ஹனுக்கா வாரத்தில், இடப்பக்கத்து எருது பனி மூடிய நரி வளையில் கால் விட்டது. முன்னங்கால், முட்டிக்குக் கீழே, படக்கென்று முறிந்தது. விறகு வண்டியை அங்கேயே விட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினேன்.

என் மனைவி பெஷாதான் யோசனை சொன்னாள். “ரெப் ஆன்ஷலைக் கூப்பிடுங்க. உயிரோட இருக்கும்போதே அறுத்துட்டா கறி விக்கலாம். அறுவடைப் பண்டிகைக்கப்புறம் இந்தக் காலனியில யாரு வாயில கறி பட்டுச்சு? ரயில் பாதை வேலைக்குப் போன பசங்க கையில காசு இருக்கு. வித்த காசைக் குடுத்துக் கடனை அடைச்சா, இன்னொரு எருதாவது நமக்குன்னு நிக்கும்.”

சரியாகத்தான் சொன்னாள். எங்கள் மத முறைப்படி மாட்டை அறுத்து, அது ஆகுமா ஆகாதா என்று பார்த்துச் சொல்பவர் ரெப் ஆன்ஷல்தான். மதியத்துக்குள் பன்னிரண்டு வீட்டார் பாத்திரத்தோடு வந்துவிட்டார்கள். மாட்டின் பின்பாதிக் கறி எங்கள் மதத்தில் ஆகாது. அதை எடுத்துக்கொள்ள டொல்லெஃபும் பனிச்சறுக்கு வண்டியோடு வந்தான். பக்கத்து நிலத்து ஹிர்ஷ் பெரிய அண்டாவையே தூக்கி வந்திருந்தான்.

“என்னப்பா, அண்டாவுல நீயே உக்காந்துக்கப் போறியா?” என்றேன்.

“உன் எருது என்னைவிட இளைச்சுக் கெடக்கு. அண்டாவுல போட்டாத்தான் கறின்னு தெரியும்” என்றான். எல்லோரும் சிரித்தார்கள். கறி வரப்போகிறது என்றால் மனிதனுக்குச் சிரிப்பும் வருகிறது.

ரெப் ஆன்ஷல் கத்தியை நகத்தில் இழுத்து இழுத்துப் பார்த்தார். ஒரு பிசிறு இருந்தாலும் அறுப்பு செல்லாது. பிறகு ஒரே இழுப்பு. எருது அடங்கியதும் சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டு அதன் மார்புக்குள் முழங்கை வரை கைவிட்டார். கண்ணை மூடிக்கொண்டார். நுரையீரலைத் தடவுகிறார் என்று எங்களுக்குத் தெரியும்; அதில் ஓட்டை இருந்தால் மாடே ஆகாது. அந்தக் கை எங்கே நிற்குமோ என்று எல்லோரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

கை நின்றது.

“ஒட்டிக்கிட்டிருக்கு” என்றார் மெதுவாக. “நூல் மாதிரி ஒண்ணு. உரிச்சுப் பாக்குறேன். பெஷா, தொட்டியில வெதுவெதுன்னு தண்ணி வைம்மா.”

நூலை உரித்து நுரையீரலை வெளியே எடுத்தார். ஊதித் தண்ணீரில் அமுக்க வேண்டும். காற்று எங்கும் கசியாவிட்டால் ஆகும். குமிழி வந்தால் ஆகாது. அவருக்கு அன்று இருமல். வாத்து இறகுத் தண்டை என்னிடம் நீட்டினார்.

“மாடு உன்னுது. நீயே ஊது, கெட்ஸல்.”

ஹிர்ஷ் என் காதருகில் குனிந்தான். “டேய், பாதி மூச்சு ஊதுடா. பாதி மூச்சுக்குக் குமிழி வராது.”

அப்படித்தான் நினைத்து வாயை வைத்தேன். ஆன்ஷல் என் கன்னத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் சின்ன மகளும் ஒரு கிண்ணத்தோடு அந்த வரிசையில் நின்றாள். ஏமாற்றினால் அவள் கிண்ணத்திலும் அந்த ஆகாத கறிதானே விழும்? மூச்சு முழுதும் போய்விட்டது. நுரையீரல் உப்பியது. அவர் அதைத் தண்ணீரில் அமுக்கினார்.

ஒன்றும் இல்லை. யாரோ கடவுளுக்கு நன்றி சொன்னார்கள். பிறகு, உரித்த இடத்தில், கடுகு அளவில் ஒரு குமிழி முளைத்தது. கொஞ்ச நேரம் ஒட்டிக்கொண்டே இருந்தது. என் மூச்சு அது. மேலே வந்து உடைந்தது. பின்னால் இன்னொன்று.

“ரெப் ஆன்ஷல், அது தோல்ல ஒட்டியிருந்த காத்தா இருக்கும். இன்னொரு தடவை...”

அவர் இன்னொரு தடவையும் அமுக்கினார். அதே இடம். அதே குமிழி.

“நான் என்ன செய்யட்டும்?” என்று என்னிடமே கேட்டார். “மதச் சட்டம் கேக்குறதுக்கு ஒரு ரபி இருக்காரா இங்க? செயின்ட் பால் பட்டணத்துல இருக்காரு. போய்ட்டு வர்றதுக்குள்ள டிசம்பரே முடிஞ்சிடும். ஆகாது, கெட்ஸல். என் வீட்டுலயும் அடுப்புல வெறுந்தண்ணிதான் கொதிக்குது. ஆகாது.”

ஹிர்ஷ் அண்டாவைக் கவிழ்த்துத் தூக்கிக்கொண்டான். பாத்திரங்கள் ஒவ்வொன்றாகத் திரும்பிப் போயின.

டொல்லெஃபுக்கு ஒன்றும் புரியவில்லை. “மாடு நல்லாத்தானே இருக்கு? என் வீட்டுல இன்னிக்கு ராத்திரியே பொரிப்போம்.”

“உனக்கு நல்லாத்தான் இருக்கும்” என்றேன்.

தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தான். கெட்டவன் இல்லை, அவன் கழுத்திலும் பாங்குக்காரன் உட்கார்ந்திருந்தான். “கடன்ல இதுக்குத் தோலோட சேத்து இருபது கழிச்சுடுறேன். உயிரோட நிக்கிறதுக்கு நாப்பது. மிச்சம் ரெண்டரை. அது கெடக்கட்டும், விடு.” பிறகு பெஷாவைப் பார்த்து, “ஒரு தொடை வெட்டிக் குடுக்கவா? குழந்தைங்க இருக்குதே” என்றான்.

பெஷா வேண்டாம் என்று தலையசைத்துவிட்டுத் தொட்டித் தண்ணீரைப் பனியில் கொட்டினாள்.

டொல்லெஃப் கடன் காகிதத்தை எடுத்து என் கண்ணெதிரே கிழித்தான். என் வட்டம் இரண்டு பாதியாகி அவன் பூட்ஸின் கீழ் விழுந்தது. பிறகு செத்ததை வண்டியில் ஏற்றி, உயிரோடு இருந்ததைப் பின்னால் கட்டினான். மூன்று வருஷம் நுகத்தின் வலப்பக்கமே நடந்து பழகிய மாடு. கயிறு தளர்வாகத்தான் இருந்தது. ஆனாலும் இடப்பக்கம் ஒரு மாட்டுக்கு இடம் விட்டு ஒதுங்கியே நடந்து போனது. டொல்லெஃபுக்கு நான் தரவேண்டியது இனி ஒன்றுமில்லை.