சாடியில் அடைத்த அரை மணிகள்

1948 மாசி முதல் மணிக்கல் தேயிலைத் தோட்டத்து மலையுச்சியில் ஏழு சாமியார்கள் காலத்தைச் சாடிகளில் அடைத்து வைத்திருந்தார்கள். எல்லாம் ஹட்டன் கடைத்தெருவில் வாங்கிய ஊறுகாய்ச் சாடிகள். மடத்தை நிறுவிய சோலைமலை அதற்குமுன் இருபத்திரண்டு வருடம் தோட்டத்தில் தப்படித்தவர். காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்கு ஆட்களைக் கூட்டும் தப்பு அது. ஆறு மணிக்கு அடிக்க வேண்டியதைத் தொரை உத்தரவுப்படி அஞ்சரைக்கே அடிப்பார். தோட்டத்துக் கடிகாரமும் வம்பு வேண்டாமென்று அந்நேரமே ஆறு காட்டப் பழகியிருந்தது. சனங்கள் இழந்த அரை மணிகள் தப்புக்குள்ளேயே தங்கிவிட்டன. ஒருநாள் தப்பைத் தூக்க முடியவில்லை. தோலைக் கிழித்துப் பார்த்தார். உள்ளே ஆயிரக்கணக்கான விடியற்காலைகள் குளிர்ந்துபோய், அரைத்தூக்கத்தில் கிடந்தன. அள்ளிக் கட்டிக்கொண்டு மலையேறிவிட்டார்.

காலம் ஏன் உட்கார மாட்டேனென்கிறது என்பதே மடத்தின் ஆராய்ச்சி. ஆராய்ந்தவர்களாலும் உட்கார முடியவில்லை. ஏழு பேரும் சாடிகளைச் சுற்றி நடந்துகொண்டே இருந்தார்கள். அவர்களில் நேற்றுச் சாமியார் எப்போதும் முந்தைய நாளில் வசித்ததால், அவரிடம் பேச விரும்புகிறவர் ஒருநாள் முன்னதாகவே போயிருக்க வேண்டும். நாளைச் சாமியார் சாப்பாட்டுக்குமுன் கை கழுவிவிட்டு எழுந்து போவார். பட்டிப்பொல ஸ்டேசன் மாஸ்டர் இவர்களைக் கேட்டுத்தான் ரயில் தாமதத்தை அறிவித்தார் என்பது மட்டும் வதந்தி.

கொழுந்து பறிக்கும் காளியாயி மலையேறியது 1954இல். பிரசாவுரிமைக்கு மனுப் போட்டிருந்த விதவை. மகள் மீனம்மாவுக்குப் புருசன் மனுவோடு உரிமை கிடைத்துவிட்டது. தாய்க்குக் கிடைக்காவிட்டால் தாயை இந்தியாவுக்குக் கப்பலேற்றி விடுவார்கள். மகள் இங்கே, தாய் அங்கே. 1937இல் தாயாரின் சீக்குக்கு இந்தியா போனவள், திரும்பி வரப் பன்னிரண்டு மாதமும் பதினொரு நாளும் ஆகியிருந்தது. விசாரணைக் கந்தோரில் அதிகாரியாக இருந்த ஜெயரத்தினம் யாழ்ப்பாணத்துக்காரர். இரக்கமானவர், ஆனால் விரல்விட்டு எண்ணத் தெரிந்தவர்.

“பன்னிரண்டு மாதமெண்டால் சட்டம் பொறுக்குமம்மா. பதினொரு நாள் கூடிப்போச்சு.”

“அந்தப் பதினொரு நாளும் சீக்குப் பாக்குற முகாம்ல கவருமெண்டுதான உக்கார வச்சுச்சு, அய்யா?”

“வச்சது அவை. இருந்தது நீங்கள்தானே?”

ஆயினும் தோட்டத்து வருகைப் பதிவான செக்ரோலை வரவழைத்துப் பார்ப்பதாகச் சொல்லித் தவணை கொடுத்தார்.

மலையேறி வந்த காளியாயி பதினொரு நாள் கேட்டதும், சோலைமலை சாடிகளுக்கு முன்னால் கையை விரித்து மறித்தார். “தாயி, இது ஆராய்ச்சிக்கு. பொழங்குறதுக்கில்ல.”

“அண்ணே, நீங்க தப்படிச்சப்ப, பால் குடிச்சிட்டிருந்த எம்புள்ளைய மாரிலருந்து புடுங்கிப் போட்டுட்டு ஓடுனேன். அத எந்தச் சாடில வச்சு ஆராயிறீங்க?”

சாமியார்கள் கூடி மூன்று மாதம் தர்க்கம் செய்தார்கள். நேற்றுச் சாமியார் முதல் நாளே சம்மதித்திருந்தது கடைசியில்தான் தெரியவந்தது. பதினொரு நாளுக்கு ஐந்நூற்று இருபத்தெட்டு அரை மணிகள். சோலைமலை ஒவ்வொன்றாக எடுத்துச் சீலைத்துணியில் போட்டார். சந்தை வழக்கப்படி கொசுறாக ஒன்றையும் சேர்த்தார்.

காளியாயி லயத்து வரிசைவீட்டுக்கு வந்து தன் காம்பராக் கதவைச் சாத்திக்கொண்டு முடிச்சை அவிழ்த்தாள். வெளியே அடுப்பில் தேத்தண்ணி கொதிக்கும் நேரந்தான் ஆனது. உள்ளே, இந்தியா போய்வந்த அந்தப் பழைய வருடத்தில், தோட்டத்தை விட்டு நகராமல் பதினொரு நாள் இருந்தாள். எல்லாம் அஞ்சரை மணியிலிருந்து எடுத்தவை என்பதால் பகலே வரவில்லை. ஒரு விடியல் தீர்ந்ததும் அடுத்த விடியல். சில அரை மணிகள் இடம்மாறி வந்திருந்தன. பக்கத்துக் காம்பரா இராமையாவின் பல்வலியையும் அவள் கொஞ்சநேரம் அனுபவித்தாள். சிலவற்றில் மீனம்மா கைக்குழந்தையாக மடியில் கிடந்தாள். யாரும் தப்படிக்கவில்லை. குழந்தை தானாக வாயை எடுக்கும்வரை குடித்தது.

அன்று காலை, இருபத்தாறு வயது மீனம்மா தேத்தண்ணி வேண்டாமென்றாள். “வயிறு நெறைஞ்சு கெடக்கும்மா, ஏன்னு தெரியல.”

செக்ரோலில் அந்தப் பதினொரு நாளுக்கும் காளியாயி பெயருக்கு நேரே வருகை விழுந்திருந்தது. மை பழையதாகவே இருந்தது. ஜெயரத்தினம் கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பார்த்தார்.

“வந்திருக்கிறியள். ஒரு றாத்தல் கொழுந்தும் பறிக்கேல்லையே?”

“இருட்டுல எங்கிட்டுங்கய்யா பறிக்கிறது?”

சட்டம் ஆள் இருந்ததா என்று மட்டுமே கேட்டது; கொழுந்தைக் கேட்கவில்லை. அவர் கையெழுத்திட்டார். பத்திரம் தபாலில் வந்துசேர நான்கு வருடமானது. அதற்குள் மற்ற லயத்துச் சனங்களும் சாக்குப்பையோடு மலையேறித் தங்கள் தங்கள் அரை மணிகளைக் கேட்டு வாங்கிவிட்டார்கள். பெரும்பாலோர் அவற்றைத் தூங்கியே தீர்த்தார்கள். சாடிகள் காலியானதும் சாமியார்கள் இறங்கி வந்து பெரட்டில் நின்றார்கள். நேற்றுச் சாமியாருக்கு மட்டும் தினமும் அரைப்பேர், அரைநாள் கூலி, போட்டார்கள்.

1964இல் இரண்டு நாடுகள் உரிமையில்லாத சனங்களை எண்ணிப் பங்கு பிரித்தபோது, காளியாயி எந்தப் பங்கிலும் வரவில்லை. மகள் வீட்டுக்கு மூன்று காம்பரா தள்ளி இருந்தாள். கொசுறாக வந்த அந்த ஓர் அரை மணி மட்டும் செலவாகவில்லை. தப்படித்து, லயம் முழுக்க விடிந்த பிறகும், அவள் காம்பராவில் மட்டும் அரை மணி நேரம் இருட்டாகவே இருக்கும். கங்காணி வீரய்யா முதலில் இரண்டு மூன்று நாள் சத்தம் போட்டுப் பார்த்தான். பிறகு பெரட்டில் அவள் பெயரைக் கடைசியாகக் கூப்பிடத் தொடங்கினான்.