ஒரு கட்டம் தள்ளி

குமரகுருவைப் பற்றிப் பிள்ளையார்பாளையத்தில் யாரைக் கேட்டாலும் ஒரே பேச்சுதான்: அவர் கையில் கட்டம் தப்பாது. பட்டுப்புடவைக்குக் கிராஃப் தாளில் டிசைன் போட்டுத் தருவது அவர் தொழில். அவர் கறுப்படித்த கட்டத்தைப் பார்த்துத்தான் அட்டையில் துளை குத்துவார்கள். அந்தத் துளையின்படிதான் தறியில் இழை எழும்பும். ஒரு கட்டம் பிசகினால் மயிலுக்கு மூக்கு கோணிவிடும். இருபத்தாறு வருஷத்தில் ஒரு மயிலுக்கும் அந்தக் கதி வந்ததில்லை. இதை அவரே ஆளுக்கு நாலு தடவை சொல்லியிருக்கிறார் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட வேண்டும்.

அப்பேர்ப்பட்ட மனுஷர் வேண்டுமென்றே கட்டத்தைத் தப்பாகப் போட்டார் என்றால் ஊர் நம்பாது. ஆனால் போட்டார். அதுவும் கட்டிய மனைவிக்கு.

விஷயம் இதுதான். வீட்டுக்கு வருவது ஒரு பேப்பர். அதில் வருவது ஒரு குறுக்கெழுத்துப் புதிர். அதற்கு ஆளோ இரண்டு. கல்யாணமான புதிதில் குமரகுரு பேனாவால் பாதி நிரப்பி வைத்திருப்பார், மீதியைச் சங்கீதா வந்து பென்சிலால் நிரப்பிவிடுவாள். அதில் அவருக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. கடைசியில் அவரே ஒரு வழி கண்டுபிடித்தார். கிராஃப் தாளில் பக்கத்துக்கு நாலு சின்னக் கட்டம் வீதம் ஒரு புதிர்க் கட்டமாக வைத்து, புதிரை அப்படியே பிரதி எடுத்து அவளிடம் கொடுத்துவிடுவார். பேப்பர் அவருக்கு, பிரதி அவளுக்கு. குறிப்புகளைப் பார்க்கப் பேப்பரை நடுவில் வைத்துக்கொள்வார்கள்; அவள் பார்த்து எழுதிவிடாமல் இருக்க அவர் தன் கட்டத்தை மட்டும் கையால் மறைத்துக்கொள்வார். யார் முதலில் முடிக்கிறார்களோ அவர்கள் உட்கார்ந்திருப்பார்கள். தோற்றவர் எழுந்துபோய் இரண்டாவது காபி போட வேண்டும்.

முதல் பத்து வருஷம் சங்கீதாதான் காபி போட்டாள். குமரகுருவுக்குப் புதிர் என்றாலே உற்சாகம் பொத்துக்கொண்டு வரும். 'யானையை அடக்கும் கருவி' என்று பார்த்ததும், "அங்குசம். இதெல்லாம் ஒரு குறிப்பா?" என்று பேப்பர்க்காரனைக் கடிந்துகொண்டே எழுதுவார். டீக்கடையில் போய், "வீட்டுல எனக்கு சரிசமமா ஒரு ஆள் இல்லையேபா" என்று அலுத்துக்கொள்வார்.

ஆள் தயாராகிக்கொண்டிருந்தது அவருக்குத் தெரியவில்லை. சங்கீதா மிக்சர் கட்டி வந்த காகிதத்தைக்கூடப் படித்துவிட்டுத்தான் எறிவாள். போன வருஷம் பங்குனி வாக்கில் அவள் தொடர்ந்து நாலு நாள் ஜெயித்தாள். நாலு நாளும் குமரகுரு காபி போட்டார். நாலாம் நாள் அவள் டம்ளரை வாங்கி ஒரு வாய் குடித்துவிட்டு, "டிகாஷன் நல்லா பழகிக்கினு வருது உங்களுக்கு" என்றாள்.

அந்த ஒரு வார்த்தைதான். ஐந்தாம் நாள் புதிரில் அவருக்கே மூன்று இடம் பிடிபடவில்லை. பிரதி எடுக்கும்போது கை தானாகவே ஒரு கறுப்புக் கட்டத்தை ஒரு கட்டம் தள்ளிப் போட்டது. தானாகவே என்று அவர் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். அடுத்த வாரம் மறுபடியும் தானாகவே நடந்தது.

அன்றைக்கு ஒரு குறிப்பு 'கண்ணுக்கு மேலே வில்'. சங்கீதா பென்சிலைக் கடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள்.

"புருவம்னுதான் தோணுது. ஆனா எனக்கு மூணு கட்டம்தான் இருக்குது."

"அப்ப புருவம் இல்ல. வேற யோசி."

மறுநாள் பேப்பரில் விடை வந்தது. புருவம்தான். "அதெப்படிங்க மூணு கட்டத்துல நாலெழுத்து?" என்று கேட்டாள். பிரதித் தாளைத்தான் அவர் அன்றன்றே கிழித்துப் போட்டுவிடுவாரே, தொழில் தாளோடு கலந்துவிடும் என்று ஒரு காரணமும் சொல்லி. "நீ சரியா எண்ணியிருக்க மாட்ட" என்றார். கட்டம் எண்ணுவதையே பிழைப்பாக வைத்திருப்பவர் சொன்னால் அவள் என்ன செய்வாள், நம்பினாள். "கண்ணுக்கு மேல இருக்கிறதுகூட எனக்குத் தெரியல பாருங்க. நாப்பது தாண்டினா மூளை மங்கிடுமாமே" என்று சிரித்தாள். குமரகுருவுக்கு அன்று காபி கசந்தது. ஆனாலும் குடித்தார்.

இப்படியே ஒரு வருஷத்துக்கு மேல் ஓடியது. தினமும் இல்லை, அவர் திணறும் நாட்களில் மட்டும். திணறும் நாட்கள்தான் கூடிக்கொண்டே போயின.

ஆவணி மாதத்தில் ஒரு புதன்கிழமை, அவர் அப்படித்தான் ஒரு பிரதியைப் போட்டுக்கொண்டிருந்தார். கறுப்புக் கட்டம் எல்லாம் அடித்தாகிவிட்டது, அந்த ஒன்றும் தள்ளிப் போட்டாகிவிட்டது. எண்கள் மட்டும் பாக்கி. அந்த நேரம் பார்த்துத் திருப்புட்குழியிலிருந்து போன். சங்கீதாவின் சித்தி குளியலறையில் வழுக்கி விழுந்துவிட்டாள். சங்கீதா புடவை மாற்றிக்கொண்டு கிளம்ப, குமரகுரு அவளை வண்டியில் பஸ் ஸ்டாண்டுக்கு அழைத்துப் போனார். பாதி வழியில் தேவேந்திரன் போன் செய்தார். அட்டை குத்துபவர். செவிலிமேட்டுப் பெண்ணின் கல்யாணப் புடவைக்கு டிசைன் தயாரா என்று கேட்டார்.

அந்தப் பெண் பெயர் சத்யப்ரியா. மயில் வேண்டாம், மாங்காய் வேண்டாம், புடவை உடலில் திரும்பத் திரும்ப வரும் புட்டா யாரும் கட்டாத மாதிரி கட்டம் கட்டமாக வேண்டும் என்று சொல்லியிருந்தாள். குமரகுரு மூன்று நாள் உட்கார்ந்து வைரக்கட்டம் ஒன்று போட்டு வைத்திருந்தார்.

"மேஜை மேல கட்டம் போட்ட தாள் இருக்குது. கதவு சாத்தித்தான் இருக்குது, தள்ளினா திறந்துக்கும். எடுத்துக்கினு போ" என்றார்.

தேவேந்திரன் வந்தார். மேஜை மேல் கட்டம் போட்ட தாள் இருந்தது, எடுத்துக்கொண்டு போனார். வைரக்கட்டம் போட்ட தாள் பேப்பருக்கு அடியில் கிடந்தது. மதியம் குமரகுரு அந்தப் பேப்பரை மடித்துப் பழைய பேப்பர்க் கட்டுக்குள் வைத்தபோது அதுவும் உள்ளே போய்விட்டது. புதிர்ப் பிரதியைக் காணோமே என்று ஒரு நிமிஷம் யோசித்தார். வழக்கம்போலக் கிழித்துப் போட்டிருப்போம் என்று விட்டுவிட்டார்.

அட்டை குத்தும் இடத்தில் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. வேறு யார் போட்ட தாளாக இருந்தாலும் தேவேந்திரன் ஒரு போன் அடித்திருப்பார். தாளின் மூலையில் 'கு.கு.' என்று சின்னதாகப் போட்டிருந்தது. எந்தத் தாளை எடுத்தாலும் முதலில் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் குமரகுரு கட்டத்துக்கே போவார். அந்த இரண்டெழுத்து இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு குத்தலாம். தறியில் உட்கார்ந்த நமச்சிவாயமும் கேட்கவில்லை. அவர் சங்கீதாவின் அண்ணன். புட்டாவில் ஏதோ ஒன்று உறுத்துகிறதே என்று அவருக்குத் தோன்றியதாம். மாப்பிள்ளை போட்டதாயிற்றே என்று நெய்துகொண்டே போய்விட்டார்.

பதினெட்டாம் நாள் புடவை தறியிலிருந்து இறங்கியது. நமச்சிவாயம் அதைத் துணியில் சுற்றிக்கொண்டு தங்கை வீட்டுக்கே வந்தார். பின்னாலேயே ஸ்கூட்டரில் சத்யப்ரியாவும் வந்து சேர்ந்தாள்.

புடவையைப் பாயில் விரித்தார்கள். கத்தரிப்பூ நிறத்தில் உடல். உடல் முழுக்க ஜரிகையில் சதுரம் சதுரமாகக் குறுக்கெழுத்துப் புதிர், மொத்தம் நூற்று இருபத்தெட்டு.

குமரகுரு கிட்டே குனிந்து பார்த்தார். வைரக்கட்டம் எங்கே என்று அவர் யோசிக்கவே இல்லை. அந்தத் தள்ளிப் போட்ட கட்டத்தைத்தான் அவர் கண் தேடியது. இருந்தது. நூற்று இருபத்தெட்டு இடத்திலும் ஒன்று விடாமல், பளபளவென்று இருந்தது.

"சூப்பரா இருக்குது அங்கிள்" என்றாள் சத்யப்ரியா. "பிக்சல் மாதிரி. இப்படி யார்கிட்டயும் இருக்காது."

"இருக்காதும்மா" என்றார் குமரகுரு.

சங்கீதா புடவையின் ஒரு ஓரத்தைக் கையில் எடுத்துப் பார்த்தாள். முதலில் புன்னகை வந்தது, பிறகு வாய்விட்டே சிரித்தாள். "ஏங்க, இது நம்ம புதிருங்க. தேவேந்திரண்ணன் அதைப்போய் எடுத்துக்கினு போயிட்டாரா?" சத்யப்ரியாவுக்கு விஷயத்தைச் சொன்னாள். அவளும் சேர்ந்து சிரித்து, அப்படியென்றால் கல்யாணத்துக்கு வருகிறவர்களிடம் சொல்ல ஒரு கதையும் கிடைத்தது என்றாள். குமரகுருவும் சிரித்துப் பார்த்தார். புடவையை மடித்துவிட்டால் போதும், பிழைத்துக்கொள்ளலாம் என்று மடிக்கக் கை நீட்டினார்.

"இரு மாப்ள" என்றார் நமச்சிவாயம். "நெய்யும்போதே கேக்கணும்னு இருந்தேன். இதுல ஒரு கட்டம் ஒதுங்கி நிக்குது பாரு."

சங்கீதா நெசவாளி வீட்டுப் பெண். புட்டா சரியா என்று பார்க்க அவளுக்கு அளவுகோல் வேண்டாம். புடவையை அப்படியே தலைகீழாகத் திருப்பிப் போட்டாள். புதிரின் கறுப்புக் கட்டங்கள் எப்போதும் ஜோடி ஜோடியாக எதிரெதிரே இருக்கும். தலைகீழாகத் திருப்பினாலும் அதே உருவம்தான் வர வேண்டும். வரவில்லை. இரண்டு புட்டாவின் மேலே விரலை ஓட்டினாள். ஒரு கட்டம் இருக்க வேண்டிய இடத்தை விட்டுப் பக்கத்து வீட்டுக்குக் குடிபோயிருந்தது.

"உங்க கை தப்பாதே" என்றாள்.

அறையில் மூன்று பேரும் குமரகுருவைப் பார்த்தார்கள். அவருக்கு இரண்டே வழிதான் இருந்தது. கை தப்பிவிட்டது என்று சொன்னால் இருபத்தாறு வருஷப் பெயர் போய்விடும். மச்சான் நமச்சிவாயம் போய்த் தேவேந்திரனிடம் சொல்வார், தேவேந்திரன் தெருவுக்கே சொல்வார். கை தப்பவில்லை என்று சொன்னால் பெண்டாட்டி முகத்தில் எப்படி விழிப்பது?

"கை தப்பிடுச்சு" என்றார்.

நமச்சிவாயம் புடவையின் ஓரத்தை நீவிவிட ஆரம்பித்தார். அவருக்கே சங்கடமாகிவிட்டது. சங்கீதா மட்டும் புடவையை விட்டுவிட்டுக் கணவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அம்பது ஆகுதில்ல, கண்ணு மங்கியிருக்கும். நாளைக்கே போய்க் கண்ணாடி பாத்துக்கினு வந்துடலாம். இனிமே அட்டைக்குப் போறதுக்கு முன்ன ஒவ்வொரு தாளையும் நான் ஒரு தடவை எண்ணிடறேன். யாருக்கும் தெரிய வேணாம். அண்ணே, நீயும் வெளிய சொல்லாத."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பார். இது முடியவில்லை. தன் மூளை மங்கிவிட்டது என்று ஒரு வருஷமாக நம்பிக்கொண்டிருப்பவள், அவருடைய கண்ணுக்காகக் கவலைப்படுகிறாள். தான் எவ்வளவு அற்பமான ஆள் என்பது அந்தப் பாயில் உட்கார்ந்தபடியே அவருக்கு நன்றாக விளங்கியது.

"கண்ணு நல்லாத்தான் இருக்குது சங்கீதா" என்றார். "நான்தான் தள்ளிப் போட்டேன். நீ முடிக்கக் கூடாதுன்னு."

சத்யப்ரியா தன் போனை எடுத்து எதையோ தீவிரமாகப் பார்க்க ஆரம்பித்தாள்.

"இது ஒண்ணுதானா?" என்றாள் சங்கீதா.

"இல்ல."

"எத்தன?"

"ஒரு முப்பது, நாப்பது இருக்கும்."

அவள் கொஞ்சம் யோசித்தாள். "புருவமா?"

"புருவமும்தான்."

சங்கீதா எழுந்தாள். புடவையை மடித்துச் சத்யப்ரியா கையில் கொடுத்தாள். "நல்லா கட்டிக்கோம்மா. யாராவது இந்தக் கட்டம் ஏன் கோணலா இருக்குதுன்னு கேட்டா, எங்க வீட்டுக்காரரைக் கேக்கச் சொல்லு" என்றாள். நமச்சிவாயம் மாப்பிள்ளையை நிமிர்ந்து பார்க்காமலேயே செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். வாசல் தாண்டியதும் அவர் தோள் சிரிப்பில் குலுங்கியதை ஜன்னல் வழியாகக் குமரகுரு பார்த்தார்.

அன்று முழுவதும் அவள் ஒன்றும் சொல்லவில்லை. சாப்பாடு போட்டாள், சாம்பாரில் உப்பு சரியாக இருந்தது. அதுவே அவருக்குப் பயமாக இருந்தது.

மறுநாள் காலையில் அவர் முகம் கழுவிவிட்டு வந்தபோது பேப்பர் சங்கீதா மடியில் இருந்தது. பேனாவும் அவள் கையில். அவர் இடத்தில் ஒரு கிராஃப் தாள். அவளே உட்கார்ந்து பிரதி எடுத்திருந்தாள். கறுப்பு ஒரே சீராக அடித்து, எண்களெல்லாம் அழகாகப் போட்டிருந்தது. பென்சிலை அவர் பக்கம் நகர்த்தினாள்.

குமரகுரு தாளை எடுத்துக்கொண்டார். பழிக்குப் பழி வாங்காமல் விடுவாளா என்று நினைத்தார். தள்ளிப் போட்ட கட்டம் எங்கே என்று முதல் வரியிலிருந்து எண்ணினார். பேப்பரை எட்டிப் பார்த்து ஒத்துப் பார்த்தார். தாளைத் தலைகீழாகத் திருப்பி இன்னொரு தடவை எண்ணினார். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துக்கூடப் பார்த்தார். எண்ணி முடிப்பதற்குள் பத்து நிமிஷம் போய்விட்டது.

பிறகு நிரப்ப ஆரம்பித்தார். பாதி வந்தது. வலப்பக்க மூலை வரவே இல்லை. பேனா மூடி டக்கென்று மூடும் சத்தம் கேட்டு நிமிர்ந்தார். சங்கீதா பேப்பரை மடித்து வைத்துவிட்டுச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"எத்தன பாக்கி?"

"ஆறு."

"கட்டம் எல்லாம் சரியாத்தான இருக்குது?"

குமரகுரு தாளை ஒருமுறை பார்த்தார்.

"சரியாத்தான் இருக்குது" என்று சொல்லிவிட்டு, காபி போட எழுந்து போனார்.