மேளம் வரும்வரை

1936ஆம் ஆண்டு மார்ச் மாதம் பதினேழாந் திகதி, கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்தில், கொட்டாஞ்சேனை வீடொன்றைப் பற்றிய பங்கு வழக்கில் முதல் டிக்ரி என்னும் தீர்ப்பு வாசிக்கப்பட்டது. வீடு றேமண்டுக்கும் வத்தளையில் வாழும் அவன் தங்கை றோஸிக்கும் சரிபாதி. யோசெப்பினுக்குப் பங்கில்லை.

வீடு யோசெப்பினை வளர்த்த ஞானத்தாயுடையது. றேமண்ட் அவளுடைய தம்பி மகன். சாவதற்கு முன் அவள் வீட்டின் பின்பாதியையும் கிணற்றையும் யோசெப்பினுக்கு உறுதிப்பத்திரம் எழுதிக் கொடுத்திருந்தாள். உறுதியில் இரண்டாம் சாட்சி கையெழுத்து வைக்கவில்லை; அதை எழுதிப் பதிந்த நொத்தாரிசிடம் இருந்த பிரதியில் மட்டும் வைத்திருந்தார். செல்லாது என்றார் நீதிபதி. அப்பீல் கேட்கும் மேல் கோடு வேறு மாதிரி நினைக்கலாம் என்றார் யோசெப்பினின் வழக்கைப் பேசிய புரொக்டர் ஸஹாப்தீன்.

“அப்பீல் செய்றண்டா கெதியா வாங்க.”

“ஓம் சேர்,” என்றாள். அவளுக்கு அவசரம் தெரியவில்லை. பங்கு வழக்கு எப்படி முடியும் என்று அவளுடைய ஒழுங்கையில் எல்லோருக்கும் தெரியும். காணி அளக்கச் சங்கிலியோடு சேவையர் வருவார், காணியில் நின்று ஒருவன் மேளம் அடித்து அறிவிப்பான், எல்லைக் கல் நாட்டுவார்கள், பிறகு கடைசி டிக்ரி. அதற்குப் பிறகுதானே அப்பீல்?

“கிராண்ட்பாஸ்ல மேளம் அடிக்கிற வரைக்கும் எங்கட மாமா அந்தக் காணில தேங்கா பறிச்சுத் திண்டார்,” என்றாள் மதிலுக்கு அப்பாலிருந்து பக்கத்து வீட்டு ருக்கியா.

“அதுதானே. முதல் டிக்ரி எண்டா கலியாணத்துக்கு நாள் வைச்ச மாதிரி. தாலி ஏற வேணுமே.”

“எங்கள்ல நாள் வெச்சா சமையல்காரனுக்கும் சொல்லியாச்சு, அக்கா,” என்று ருக்கியா சிரித்தாள்.

அந்த மாதங்கள் தூக்கத்துக்குள் நடப்பதைப் போல நடந்தன. மத்தியானங்களில் துறைமுகத்துக் கப்பல் ஊதும் சத்தம் கிணற்றுக்குள் இறங்கி, நீரில் தங்கி, மெல்ல மேலே வந்தது. யோசெப்பின் கிணற்றுக்கட்டில் சாய்ந்திருந்தால் வீடே நங்கூரத்தில் நின்று ஆடுவது போலிருக்கும். தகரக் கூரையில் மழை தொடங்கும்போது மேளமோ என்று எழுந்து பார்ப்பாள். லூசியம்மாள் கோயில் ஊர்வலமொன்றுக்கு வாத்தியம் வந்தபோது வாசல் வரை ஓடினாள். அதுவல்ல. திரும்பப் போய்ச் சாய்ந்தாள். வெயில் சுவரில் ஏறி இறங்கியது. யாரும் அவளை எழுப்பவில்லை.

ஓகஸ்ட் மாதத்தில் ஒரு காலை உண்மையான மேளம் வந்தது. சேவையரின் ஆட்கள் முற்றத்தில் சங்கிலியை இழுத்தார்கள். றேமண்ட் கைகட்டி நின்றான்.

“மச்சாள், இனிக் கிணத்தடியில சாய்ஞ்சு கொண்டு கனவு காண ஏலாது.”

“நல்லா அடிக்கச் சொல்லு. புதுக்கடை மட்டும் கேக்கட்டும்,” என்றாள் அவள். மாதக்கணக்கில் இல்லாத தெம்பு உடம்பில் வந்திருந்தது. கோயிலுக்கு உடுக்கும் சேலையை உடுத்து, அன்றைக்கே புதுக்கடைக்கு நடந்தாள்.

“மேளம் அடிச்சாச்சு சேர். இனி அப்பீலைப் போடுங்கோ.”

ஸஹாப்தீன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

“இவ்வளவு நாளும் இதுக்கா இருந்தீங்க?”

“கடைசி டிக்ரி இன்னும் வரயில்லையே.”

“கடைசி டிக்ரி கல் எங்க நடுறண்டு மட்டும்தான் சொல்லும். ஆருக்குப் பங்கு, ஆருக்கு இல்லண்டது மார்ச்சிலயே முடிஞ்சி. அதுக்கு எதிராத்தான் அப்பீல் போட்டிருக்கணும். அதுக்கான நாளெல்லாம் எப்பவோ போயிட்டு.”

“அண்டைக்கே சொல்லியிருக்கலாமே, சேர்.”

“கெதியா வாங்கண்டுதான் சொன்னன். ஏனெண்டு சொல்லல்ல.” கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, “போட்டுப் பாப்பம்,” என்றார்.

வெளியே வெயில் வெள்ளையாக இருந்தது. தெருவில் போனவர்களின் சத்தம் அவளுக்கு நீருக்கடியிலிருந்து கேட்பது போலக் கேட்டது.

காலம் கடந்தது என்று மேல் கோடு அவளுடைய அப்பீலை உறுதியைப் பாராமலே தள்ளியது. 1937 மே மாதத்தில் யோசெப்பின் வெள்ளவத்தையில் ஒரு வாடகை அறைக்குப் போனாள். கிணறு றோஸியின் பங்கில் விழுந்தது.