மூன்று முதல் நாலரை

சண்முகசுந்தரியின் கடைக்கு ஒரு சட்டம் உண்டு. ராகு காலத்தில் அங்கிருந்து எந்த விண்ணப்பமும் போகாது. படிவத்தை நிரப்பி வைப்பாள், போட்டோவை ஏற்றி வைப்பாள், கையெழுத்தை ஸ்கேன் பண்ணி ஒட்டி வைப்பாள். கடைசியில் இருக்கிற 'சப்மிட்' பொத்தானை மட்டும் நேரம் பார்த்துத்தான் அமுக்குவாள். சங்கரன்கோவிலில் இன்டர்நெட் சென்டருக்கா பஞ்சம்? ஆனாலும் சிவகிரியிலிருந்தும் இளையரசனேந்தலிலிருந்தும் பஸ் ஏறி இவளைத் தேடி வருகிறார்கள் என்றால் அதற்கு இந்தச் சட்டமும் ஒரு காரணம். சுந்தரி அனுப்பினால் வேலை கிடைக்கும் என்று ஊரில் ஒரு பேச்சு. கிடைக்காதவர்கள் கூட்டம் போட்டா சொல்லப் போகிறார்கள்?

சட்டம் சும்மா வந்துவிடவில்லை. ஒன்பது வருஷத்துக்கு முன் ஆசிரியர் தேர்வுக்குத் தன் விண்ணப்பத்தை ஒரு வெள்ளிக்கிழமை பதினொன்றரை மணிக்கு அவசரத்தில் அனுப்பினாள். இரண்டு மார்க்கில் போயிற்று. மூன்று பாடம் புரட்டியே பார்க்கவில்லை என்பதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. ராகு காலத்தைத்தான் சொல்வாள். சொல்லிச் சொல்லித் தானும் அதையே நம்பிவிட்டாள்.

ஆடி மாதத்துச் செவ்வாய்க்கிழமை ஒன்றில், மத்தியானம் இரண்டரை மணிக்கு, ஹெஸ்டர் லேன் அந்தக் கடைக்குள் ஒரு பென் டிரைவோடு நுழைந்தார். இங்கிலீஷ் நடிகை. குருவிகுளம் பக்கத்துக் கரிசல் காட்டில் நடக்கும் ஒரு சின்னப் படத்துக்காக வந்து பத்து நாளாகிறது. வசனத் தாள்களைப் பிரிண்ட் எடுக்க தினமும் வருவார். பி.காம். படித்தபோது கற்ற இங்கிலீஷை வைத்து சுந்தரி அவரோடு பேசுவாள்.

வெள்ளைக்காரி என்றதும் ஊர் அவரைப் பெரிய நட்சத்திரம் என்று எடுத்துக்கொண்டது. செல்ஃபி எடுக்கக் கூட்டம் வேறு. அவரோ சுந்தரியிடம் முதல் நாளே சிரித்துக்கொண்டு சொல்லிவிட்டார்: "என்னை நான் குடியிருக்கும் தெருவிலேயே யாருக்கும் தெரியாது." இருபத்தாறு வருஷமாக நடிக்கிறார். டி.வி. தொடரில் முதல் பத்து நிமிஷத்தில் கொலையாகிற பக்கத்து வீட்டுக்காரி. இரண்டு காட்சிக்கு வரும் நர்ஸ். நாற்பது தாண்டியதும் யாருக்காவது அம்மா. நடுவே இரண்டு தியேட்டரில் ஒரே வாரம் ஓடிய சின்னப் படங்கள். அவற்றில் ஒன்றுக்கு எங்கோ ஒரு விழாவில் பரிசு கிடைத்ததாம். அந்தக் கேடயம் அவர் வீட்டு ஃபிரிட்ஜ் மேல் இருக்கிறதாம்.

இன்று அவர் சிரிக்கவில்லை. ஆறு பாகமாக வரப்போகும் ஒரு தொடரில் கதாநாயகி வேஷம். படகுத்துறை நடத்தும் ஐம்பது வயதுப் பெண். நாலு நிமிஷம் நடித்து வீடியோ அனுப்பச் சொல்லியிருக்கிறார்கள். லாட்ஜ் அறையில் போர்வையைச் சுவரில் தொங்கவிட்டு எடுத்துவிட்டார். அனுப்பத்தான் அங்கே நெட் இல்லை.

"லண்டனில் பகல் பன்னிரண்டோடு மூடிவிடுவார்கள். இங்கே நாலரை மணி," என்றார்.

வாசலில் வண்டி ஹாரன் அடித்தது. படக் கம்பெனியின் உள்ளூர் மேனேஜர் ஷேக் ஃபரீத், கடையநல்லூர்ப் பையன், தலையை நீட்டினான். "யக்கா, மேடத்த சீக்கிரம் விடுங்க. வெயில் எறங்கதுக்குள்ள ஷாட் எடுக்கணும்னு டைரக்டர் குதிக்காரு. அங்கன டவரும் கெடையாது."

ஹெஸ்டர் சுந்தரியின் கையைப் பிடித்தார். "முழுதும் ஏறியதும் சப்மிட் அமுக்க வேண்டும். அவ்வளவுதான். செய்வாயா?"

"செய்வேன் மேடம்."

"எனக்கு ஐம்பத்திரண்டு. இப்படி ஒரு வேஷத்துக்கு இன்னொரு முறை என்னைக் கேட்க மாட்டார்கள்."

வண்டி போய்விட்டது. வீடியோ பெரியது. இரண்டே முக்காலுக்கு நாற்பது சதவீதம். மின்விசிறி ஒரு தடவை நின்று சுழன்றபோது சுந்தரிக்கு உயிர் போய் வந்தது. மூன்று அடிப்பதற்குள் ஏற்றிவிடு தாயே என்று கோமதியம்மனைக் கூப்பிட்டாள். இரண்டு ஐம்பத்தெட்டுக்குத் தொண்ணூற்றொன்று. மூன்று மணி மூன்று நிமிஷத்துக்கு நூறு. திரையில் பச்சைப் பொத்தான் வந்து நின்றது.

சுவரில் நாள்காட்டியும் நின்றது. செவ்வாய், ராகு காலம் மூன்று முதல் நாலரை வரை.

"ஏட்டி, தட்டிராத," என்றாள் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஆறுமுகத்தாய். மகளின் நர்ஸ் வேலைக்கு விண்ணப்பம் போட வந்தவள்; அவளுடையதும் நிரம்பி, நாலரைக்காகக் காத்துக்கிடந்தது. "மூணு அடிச்சிட்டுல்லா."

"நாலரைக்குள்ள அனுப்பணும்க்கா."

"நாலரைக்கு அனுப்பு. யாரு வேண்டாங்கா?"

வேறு யாருடைய காரியமாக இருந்தாலும் நாலரை வரை தள்ளிவைத்துவிட்டு சுந்தரி அடுத்த வேலையைப் பார்த்திருப்பாள். இது ஹெஸ்டரின் காரியம். அந்த மனுஷி ஜெயிக்க வேண்டும் என்று அவளுக்கு அவ்வளவு ஆசை. தன் கையால் கெட்ட நேரத்தில் அனுப்பி, கிடைக்காமல் போனால், தன் இரண்டு மார்க்கைப் போல அதையும் சாகிறவரைக்கும் சுமக்க வேண்டும். நாள் செய்வது நல்லார் செய்யார் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்? ஒரு வார்த்தை கேட்டுவிடலாம் என்று ஷேக் ஃபரீத்துக்குப் போன் போட்டாள். தொடர்பு எல்லைக்கு வெளியே. மூன்றரைக்கு மறுபடியும் போட்டாள். அதே பதில்.

நாலு மணிக்குக் கை தானாகவே மவுஸுக்குப் போனது. கையை இழுத்துக்கொண்டாள். நாலே காலுக்குத் தண்ணீர் குடித்தாள். ஜெராக்ஸுக்கு வந்த இரண்டு பேரை அப்புறம் வரச் சொல்லி விரட்டினாள். பத்து வருஷமாகக் கடை நடத்துகிறாள். கடைசித் தேதி என்று போட்டுவிட்டுக் கடைசித் தேதியில் மூடிய எந்த இணையதளத்தையும் அவள் கண்டதில்லை. கூட்டம் தாங்காமல் சர்வர் படுக்கும், இரண்டு நாள் நீட்டித்து அறிவிப்பு வரும். லண்டன்காரன் இரண்டு நாள் தராவிட்டால் போகிறான், இரண்டு நிமிஷமாவது தர மாட்டானா?

இருந்தும் நாலு இருபத்தொன்பதுக்கு மவுஸை மறுபடி பிடித்தாள். "இப்ப அமுக்கிருதேன்க்கா. ஒரு நிமிசந்தான இருக்கு."

"தேளுக்கு வாலுலதான் வெசம்ட்டி. ஒரு நிமிசம் பொறு."

பொறுத்தாள். கம்ப்யூட்டரில் நாலு முப்பது என்று மாறியதும் அமுக்கினாள். வட்டம் ஒன்று சுற்றியது. பிறகு பச்சைப் பொத்தானைக் காணோம். சாம்பல் நிறத்தில் ஒற்றை வரி இங்கிலீஷில் வந்தது: இந்த இணைப்பு மூடப்பட்டுவிட்டது.

மறுபடி அமுக்கினாள். பக்கத்தைப் புதுப்பித்தாள். வேறு கம்ப்யூட்டரில் திறந்தாள். செல்போனில் திறந்தாள். எங்கே திறந்தாலும் அதே வரி. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதை என்பார்கள். இங்கே தாழியை உடைத்த கை அவளுடையது.

ஆறுமுகத்தாய் அவள் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டாள். மெல்லச் சொன்னாள்: "கரண்டு போயிட்டுன்னு சொல்லிரு. நம்ம ஊர்ல அத யாரு சந்தேகப்படப் போறா?"

ஐந்தே காலுக்கு ஷேக் ஃபரீத்தே கூப்பிட்டான். "யக்கா, ஒரு மேட்டுல ஏறி நின்னு பேசுதேன். வீடியோ போயிட்டான்னு மேடம் கேக்காங்க."

"வரச் சொல்லு தம்பி. நேர்ல சொல்லுதேன்."

ஆறே காலுக்கு வந்தார்கள். ஹெஸ்டர் முகத்தில் மேக்கப் பாதி கரைந்திருந்தது, படத்துக்காகக் கட்டிய சேலையின் ஓரமெல்லாம் கரிசல் மண். கையில் செல்போனை இறுக்கிப் பிடித்திருந்தார். வண்டி ஊருக்குள் நுழைந்ததும் அவருடைய ஏஜென்ட் அனுப்பிய செய்திகள் வந்து விழுந்திருக்கின்றன. வீடியோ வரவில்லை, கெஞ்சிப் பார்த்தேன், பட்டியலை முடித்துவிட்டார்கள் என்று.

"கரண்ட் போய்விட்டதா?" என்று கேட்டார்.

அந்தப் பொய்யை அவரே எடுத்துக் கையில் கொடுத்தார். ஆமாம் என்று தலையாட்டினால் போதும். தோளைத் தட்டி, உன் தப்பில்லை என்று சொல்லிவிட்டுப் போயிருப்பார். தன் விண்ணப்பம் போன பிறகும் வீட்டுக்குப் போகாமல் இருந்த ஆறுமுகத்தாய் பெஞ்சிலிருந்து, ஆட்டு, ஆட்டு என்று கண்ணைக் காட்டினாள்.

"இல்லை மேடம். கரண்ட் இருந்தது. மூன்று மணிக்கே முழுதும் ஏறிவிட்டது."

தன் இங்கிலீஷில் திக்கித் திக்கிச் சொன்னாள். கெட்ட நேரம். ஒன்றரை மணி நேரம். உங்களுக்குக் கிடைக்க வேண்டும் என்றுதான் பிடித்து வைத்தேன். சொல்லச் சொல்ல அது எவ்வளவு கேவலமாக இருக்கிறது என்று அவளுக்கே கேட்டது.

ஹெஸ்டர் கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. முகம் மட்டும் சிவந்து, பிறகு வெளுத்தது. "ஒன்றரை மணி நேரம் அதன் முன்னால் உட்கார்ந்திருந்தாயா?" என்று கேட்டார்.

"ஆமாம்."

"அதில் என்ன இருக்கிறது என்று பார்த்தாயா?"

"இல்லை மேடம்."

"போடு. யாராவது ஒருவர் பார்க்கட்டும்."

சுந்தரி வீடியோவைப் போட்டாள். பூப்போட்ட லாட்ஜ் போர்வைக்கு முன்னால் ஒரு பெண். படகுத்துறையை மூடப்போகிறோம் என்று யாரோ அவளிடம் சொல்கிறார்கள். அவள் உடனே பதில் சொல்லவில்லை. மேஜையில் இருந்த ஏதோ கறையை நகத்தால் சுரண்டினாள். நாளைக் காலை முதல் படகு ஆறு மணிக்கு என்றாள். அழவில்லை. அழாமல் இருப்பதற்கு அவள் படும் பாடு மட்டும் தெரிந்தது. வசனத்தில் பாதி சுந்தரிக்குப் புரியவில்லை. கண் நிறைந்து திரை மங்கிவிட்டது. பத்து நாளாகப் பிரிண்ட் எடுக்க வந்த ஹெஸ்டரை அந்த முகத்தில் காணோம். இதற்கு எந்த நல்ல நேரமும் தேவைப்பட்டிருக்காது. மூன்று மூன்றுக்கு அமுக்கியிருந்தால் போதும்.

நாலு நிமிஷம் முடிந்தது. ஒரு வார்த்தை இங்கிலீஷ் தெரியாத ஆறுமுகத்தாய் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்: "இத அனுப்பியிருந்தா இந்த அம்மாவுக்குத்தாம்ட்டி கெடச்சிருக்கும்."

ஹெஸ்டர் சுந்தரி பக்கம் திரும்பினார். "என்ன சொல்கிறார்?"

மாற்றிச் சொல்ல வாய் வந்தது. சுந்தரி அதை அடக்கிக்கொண்டு, சொன்னதை அப்படியே இங்கிலீஷில் சொன்னாள்.

ஹெஸ்டர் தலையசைத்தார். "எனக்கும் அப்படித்தான் தோன்றியது," என்றார். பிறகு குனிந்து, பென் டிரைவைத் தானே உருவி எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போனார். பரவாயில்லை என்று அவர் சொல்லவில்லை. சொல்லாமல் போனது நியாயம்தான் என்று சுந்தரிக்குப் பட்டது.