ஆமாம் போடுகிற வீடு

அந்த வீட்டில் எல்லாருக்கும் கழுத்து நன்றாகத்தான் வேலை செய்தது, ஆனால் மேலும் கீழும் மட்டும். பல் செட் கட்டுகிற பல்லுக்காரி வாயைத் திறந்தால் போதும், அண்ணன்காரன் தலையாட்டுவான். அவன் ஆட்டுவதைப் பார்த்து அண்ணி ஆட்டுவாள். நான் சொன்னது காதில் விழுந்ததா என்று அவள் கேட்டால் அதற்கும் ஒரு ஆமாம் வரும்.

இந்தக் கூத்து இரண்டு வருஷமாக நடக்கிறது. மனநல ஆஸ்பத்திரியிலிருந்து அவளை வீட்டுக்கு அனுப்பிய அன்று டாக்டரம்மா இந்த இரண்டு பேரையும் தனியே கூப்பிட்டு, அவள் ஏதாவது சொன்னால் மல்லுக்கட்டாதீர்கள், பொய் என்று நிரூபிக்கப் பார்க்காதீர்கள் என்று சொன்னார். அவ்வளவுதான் சொன்னது. இந்த மேதாவிகள் ஆஸ்பத்திரி கேட்டைத் தாண்டுவதற்குள் அதை எல்லாவற்றுக்கும் ஆமாம் போடவேண்டும் என்று ஆக்கிக்கொண்டார்கள். அண்ணனுக்கு அது கைவந்த வேலை. டைல்ஸ் கடையில் விற்பனையாளன். பாத்ரூமுக்குச் சிவப்பு என்று வந்தவர் சொன்னால், சிவப்பு மாதிரி வருமா சார் என்பான். அவர் வெள்ளைக்கு மாறினால், நானே அதைத்தான் சொல்ல வந்தேன் சார் என்பான்.

ஒருநாள் மத்தியானம் சாப்பிடும்போது பல்லுக்காரி வேண்டுமென்றே ஒன்றை எடுத்துவிட்டாள். "ஃபேன் மேல ஒரு போலீஸ்காரர் உட்கார்ந்திருக்கார்."

அண்ணன் தட்டிலிருந்து தலையை நிமிர்த்தவில்லை. "ஆமாம்மா. இருந்துட்டுப் போகட்டும்."

அண்ணி எழுந்துபோய் ஃபேனை நிறுத்தினாள். அந்த மனுஷன் சுற்றிச் சுற்றி மயங்கி விழுந்துவிடுவாரே என்ற கவலையோ என்னவோ. பிறகு உள்ளே போய் மாத்திரை அட்டையில் எத்தனை காலி என்று பார்த்துவிட்டு வந்தாள். பல்லுக்காரிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. சிரித்தால் அதற்கும் மாத்திரை அட்டையைப் பார்ப்பார்கள் என்று வாயைப் பொத்திக்கொண்டாள். வேர்க்க விறுவிறுக்க மூன்று பேரும் சாப்பிட்டு முடித்தார்கள்.

முன்னெல்லாம் இதே அண்ணன் ஒரு நாளைக்கு நாற்பது தடவை அவளை லூசு என்பான். செருப்பை மாற்றிப் போட்டால் லூசு. பரீட்சையில் முதல் மார்க் வாங்கினாலும், லூசு, பேப்பர் திருத்தினவன் தூங்கிட்டான்டி என்பான். அவளுக்கு நிஜமாகவே புத்தி பேதலித்த நாளிலிருந்து அந்த வார்த்தை வீட்டைவிட்டே ஓடிப்போனது. டிவியில் யாராவது அதைச் சொன்னால்கூட அண்ணி அவசர அவசரமாக சேனலை மாற்றுவாள். என்ன மரியாதை, என்ன நாகரிகம். காறித் துப்பலாம் போல இருக்கும் அவளுக்கு.

அவளுக்குத் தொழில் பல் செட் செய்வது. பல் டாக்டர்கள் அளவு எடுத்து அனுப்புவார்கள். இவள் லேபில் உட்கார்ந்து மெழுகில் ஈறு கட்டி, ஒவ்வொரு பல்லாக நிறுத்தி, தேய்த்து, மெருகேற்றி அனுப்புவாள். பன்னிரண்டு வருஷம் அந்த மேஜையில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை. பிறகுதான் காதுக்குள் அந்தக் குரல் வந்தது. ஒவ்வொரு செட்டுக்குள்ளேயும் ஒட்டுக்கேட்கிற கருவி ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்று அது சொன்னது. இவளும் நம்பி ஒரே நாளில் பதினோரு செட்டைச் சுத்தியலால் உடைத்துத் தேடினாள். பதினோரு பேர் ஒரு வாரம் பொக்கை வாயோடு பாலில் நனைத்த ரொட்டி தின்றார்கள். அதை நினைத்தால் இன்றைக்கும் அவளுக்கு உடம்பு கூசும்.

மாத்திரை குரலை விரட்டவில்லை, சத்தத்தைத்தான் குறைத்தது. அந்தக் குரலுக்கு அவள் வைத்த பெயர் கமெண்டரிக்காரன். அவ எழுந்துட்டா. அவ பல் தேய்க்கிறா. அவளுக்கு வெட்கமே இல்லை. இதே மூன்று வரியை வைத்துக்கொண்டு வருஷக்கணக்காகக் காலம் தள்ளுகிற சோம்பேறி. ஒரு மனுஷியின் வாழ்க்கையை நாசமாக்க வந்தவன் கொஞ்சம் உழைத்துப் புதிதாக நாலு வார்த்தை யோசிக்கக் கூடாதா என்று அவளுக்குத் தோன்றும். ஆனாலும் ஒன்று, வீட்டில் அவளை எதிர்த்துப் பேசுகிற ஒரே ஆள் அவன்தான்.

மாத்திரை வேறு கணக்கையும் தீர்த்துக்கொண்டது. உடம்பு பதினைந்து கிலோ ஏறியது. காலையில் தலைக்குள் ஈரத் துணி அடைத்த மாதிரி இருக்கும். கூடப் படித்தவர்கள் போனை எடுப்பதை நிறுத்தினார்கள். எல்லாவற்றையும்விடக் கொடுமை, விரல் நடுங்கியது. லேப் முதலாளி பெரிய மனசு பண்ணி, போன வருஷம் அவளை மறுபடி சேர்த்துக்கொண்டார், மெருகேற்றுகிற வேலைக்கு மட்டும். மூன்று மாசம் கழித்து ஒரு திங்கட்கிழமை முழு செட் தருகிறேன், ஒழுங்காக முடித்தால் உன் பழைய மேஜை உனக்கு என்று சொல்லியிருந்தார். அதற்காக அவள் ராப்பகலாக மெழுகை வைத்துப் பழகிக்கொண்டிருந்தாள். நடுக்கத்தை அடக்க மணிக்கட்டை மேஜை விளிம்பில் அழுத்திக்கொண்டு வேலை செய்கிற வித்தையைக்கூடக் கண்டுபிடித்துவிட்டாள்.

இதற்கு நடுவில்தான் அண்ணனின் நாக்கு வந்து சேர்ந்தது.

அவன் கொட்டாவி விடும்போது பார்த்தாள். இடதுபக்கம் கடைவாய்ப்பல் ஒன்று உடைந்து கூராக நின்றது. அதற்கு நேராக நாக்கின் ஓரத்தில் வெள்ளையும் சிவப்புமாக ஒரு புண். சரி, பல் கிழித்த புண்ணாக இருக்கும் என்று விட்டாள். மூன்று வாரம் கழித்தும் அது அங்கேயே இருந்தது, ஓரம் தடித்திருந்தது. வாய்க்குள் இருப்பதை வைத்தே பிழைப்பு நடத்துகிறவளுக்கு இது தெரியாமல் போகுமா? மூன்று வாரத்தில் ஆறாத புண்ணை டாக்டரிடம் காட்டியே ஆகவேண்டும் என்று லேபுக்கு வருகிற பல் டாக்டர்கள் சொல்லிச் சொல்லி அவளுக்கு மனப்பாடம்.

சொன்னாள். அண்ணன், ஆமாம்மா, காட்டலாம் என்றான். தெரிந்த டாக்டரிடம் நேரம் வாங்கிக் கொடுத்தாள். ஆமாம்மா, போறேன் என்றான், போகவில்லை. மறுபடி வாங்கிக் கொடுத்தாள், அதற்கும் ஆமாம். உடம்புச் சூடு, தானாகப் போய்விடும் என்று அண்ணியிடம் சொல்லிக்கொண்டு ஏதோ களிம்பைத் தடவிக்கொண்டு திரிந்தான். அதோடு விட்டார்களா? அண்ணி டாக்டரம்மாவுக்குப் போன் போட்டு, இவள் இப்போது அடுத்தவர் வாய்க்குள் என்னென்னமோ பார்க்கிறாள் என்று பற்றவைத்தாள். மாத்திரை ஒன்று கூடியது. விரல் இன்னும் கொஞ்சம் ஆடியது. கமெண்டரிக்காரனுக்குக் கொண்டாட்டம். பார்த்தியா, ஒருத்தரும் உன்னை நம்பலை என்றான். போடா, அதைச் சொல்ல நீ எதுக்கு என்று நினைத்துக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். அவள் சொல்ல ஆரம்பித்து ஏழாவது வாரம். அண்ணன் சட்டை இல்லாமல் சாப்பிட உட்கார்ந்திருந்தான். வலதுபக்கமாக மட்டும் மென்றான், காரம் பட்டபோதெல்லாம் கண்ணை இறுக்கி மூடினான். தண்ணீர் குடிக்கக் கழுத்தை நிமிர்த்தியபோது தாடைக்குக் கீழே கோலிக்குண்டு அளவுக்கு ஒரு கட்டி தெரிந்தது. பல்லுக்காரி பிசைந்த சோற்றைத் தட்டிலேயே வைத்தாள். இனி ஒரு நாள்கூட ஆறப்போட முடியாது என்று அவளுக்குத் தெரிந்தது.

புத்தியோடு பேசினால் இந்த வீட்டில் எதுவும் நகராது. இவர்கள் ஓடுவது ஒன்றுக்குத்தான், அவளுக்குப் பைத்தியம் முற்றினால். அப்போது மட்டும் வண்டி வரும், ஆஸ்பத்திரி வரும், டாக்டர் வருவார். விடிந்தால் வரப்போகிற திங்கட்கிழமையும் முழு செட்டும் பழைய மேஜையும் ஒரு நிமிஷம் கண் முன்னால் வந்து நின்றன. பாழாய்ப்போன குடும்பம் என்று மனசாரத் திட்டிவிட்டு எழுந்தாள். பையிலிருந்து மெழுகு செதுக்குகிற கத்தியை எடுத்துக்கொண்டு வந்தாள். வெண்ணெய்கூட ஒழுங்காக வெட்டாத மொட்டைக் கத்தி. அது இவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது.

"உன் நாக்குல ஒருத்தன் உட்கார்ந்து என்னை ஒட்டுக்கேட்கிறான்" என்றாள். "இன்னிக்கே டாக்டர் அவனை எடுக்கணும். இல்லைன்னா நானே எடுக்கிறேன்."

அண்ணனுக்கு முதல் முறையாக ஆமாம் வரவில்லை. நாற்காலியோடு பின்னால் சாய்ந்து விழுந்தான். அண்ணி பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட ஓடினாள். அந்த நேரம் பார்த்துக் கமெண்டரிக்காரன் முழுத் தொண்டையில் எழுந்துகொண்டான். இதுதான் நிஜம், கேளு, அவன் அங்கேதான் இருக்கான், குத்து என்றான். நடிக்கிறேனா, நிஜமாகவே முற்றிவிட்டதா என்று அரை விநாடி அவளுக்கே சந்தேகம் வந்தது. கத்தியைக் கீழே போட்டுவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு, வண்டி வரும்வரை சுவரைப் பார்த்து நின்றாள்.

ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா வந்தார். பல்லுக்காரி நிறுத்தி நிதானமாகப் பேசினாள். "என்னை என்ன வேணும்னாலும் பண்ணுங்க டாக்டர். முதல்ல இவன் வாயைத் திறக்கச் சொல்லுங்க. நாக்கோட இடது ஓரம். அப்புறம் கழுத்து."

அண்ணி, பாத்தீங்களா டாக்டர், இதேதான் ஏழு வாரமா என்று மூக்கைச் சிந்தினாள். டாக்டரம்மா டார்ச்சை எடுத்தார். அண்ணன் வாயைத் திறந்தான். அவர் வெகுநேரம் பார்த்தார். கழுத்தைத் தொட்டுப் பார்த்தார். பிறகு அண்ணியைப் பார்த்து, "ஏழு வாரமா இவங்க சொன்னதுக்கு நீங்க என்ன சொன்னீங்க?" என்று கேட்டார்.

"நீங்க சொன்னபடியே ஆமாம்னு சொன்னோம் டாக்டர்" என்றாள் அண்ணி.

டாக்டரம்மா நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். சண்டை போடாதீர்கள் என்றுதான் சொன்னேன், ஆமாம் போடச் சொல்லவில்லை என்றார். இப்போது வந்து சொல்கிறார். அவரும்தான் போனிலேயே மாத்திரையைக் கூட்டியவர், வாயைத் திறந்து பார்த்துவிட்டுக் கூட்டியிருக்கலாம்.

அண்ணனுக்குப் புற்றுநோய், அடுத்த வாரமே ஆபரேஷன் என்று முடிவானது. பல்லுக்காரியை வீட்டுக்கு அனுப்பவில்லை. கத்தி எடுத்தவளை எப்படி அனுப்புவார்கள்? நடித்தேன் என்று சொன்னாள். டாக்டரம்மா கனிவாகத் தலையை ஆட்டி எதையோ எழுதிக்கொண்டார். அங்கேயும் அதே ஆட்டம். ஒன்பது நாள் வைத்திருந்தார்கள். திங்கட்கிழமை வந்தது, போனது, முழு செட்டை வேறு யாரோ செய்தார்கள். முதலாளி போன் செய்து ரொம்ப வருத்தப்பட்டார், வருத்தத்தோடேயே மேஜையையும் வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டார்.

வெளியே வந்தபோது சொந்தக்காரர்கள் புதுக் கதை கட்டியிருந்தார்கள். அவள் பைத்தியமில்லையாம், அவளுக்குக் கண்ணுக்குத் தெரியாததெல்லாம் தெரிகிறதாம். சித்தப்பா தன் முழங்காலைக் காட்டி, ஏதாவது தெரியுதாம்மா என்று கேட்டார். அத்தை ஒருத்தி பெண்ணுக்குக் கல்யாணம் எப்போது கூடும் என்று காதோடு காதாகக் கேட்டாள். பன்னிரண்டு வருஷம் தொழில் கற்றவளுக்குத் தொழில் தெரிந்திருக்கும் என்று மட்டும் ஒருத்தர் மண்டையிலும் உறைக்கவில்லை. சித்தப்பாவிடம் பல்லைத் தேயுங்கள், நாறுகிறது என்று சொல்லிவிட்டு அண்ணனைப் பார்க்கப் போனாள்.

அண்ணன் படுக்கையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். நாக்கில் கால்வாசியை எடுத்திருந்தார்கள், கழுத்தில் காதுவரை தையல், மூக்கில் குழாய். இன்னும் பதினைந்து நாள் கழித்து வந்திருந்தால் பாதி நாக்கு போயிருக்கும், ஏழு வாரம் முன்னால் வந்திருந்தால் ஓரம் மட்டும் போயிருக்கும் என்று நர்ஸ் சொன்னாள். பேச முடியாது. எழுதுவதற்குக் காகிதமும் பேனாவும் மடியில் கிடந்தன. பல்லுக்காரி ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அழக் கூடாது என்று வரும் வழியெல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு வந்திருந்தாள்.

"அன்னிக்கு எனக்கு ஒண்ணும் முத்தலை. நான் நடிச்சேன்" என்றாள்.

அண்ணன் தலையாட்டினான். மேலும் கீழும்.

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நாக்கு போயும் இந்த ஆமாம் போகவில்லையே. நம்பித்தான் ஆட்டுகிறானா, பழக்கத்தில் ஆட்டுகிறானா? அவனுடைய தலையாட்டலை வைத்துக்கொண்டு அவள் என்ன செய்ய? உலகத்தில் ஒரே ஒரு ஆளாவது அன்றைக்கு அவள் சுயபுத்தியோடு இருந்தாள் என்று நம்பவேண்டும். இல்லாவிட்டால் அது அவளுக்கே ஒருநாள் சந்தேகமாகிவிடும். நிமிர்ந்து பார்த்தாள்.

"ஃபேன் மேல ஒரு போலீஸ்காரர் உட்கார்ந்திருக்கார்" என்றாள்.

அண்ணன் கழுத்தைத் திருப்ப முடியாமல், முகம் சுளித்து, கண்ணை மட்டும் மேலே தூக்கினான். ஃபேனைப் பார்த்தான். நன்றாகப் பார்த்தான், ஒரு இறக்கையையும் விடாமல். பிறகு அவளைப் பார்த்து, தையல் இழுக்க இழுக்க, தலையை இடமும் வலமுமாக ஆட்டினான். இல்லை.

பேனாவை எடுத்துக் காகிதத்தில் என்னமோ கிறுக்கி அவள் பக்கம் தள்ளினான். லூசு என்று எழுதியிருந்தது.

பல்லுக்காரிக்குக் கண்ணீர் கண்ணை மறைத்தது. கமெண்டரிக்காரன் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தான், அவள் கேட்கவில்லை. "கையெழுத்தைப் பாரு, கோழி கிளறின மாதிரி" என்று சொல்லிவிட்டு, நடுங்குகிற விரலால் காகிதத்தை நாலாக மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள்.